பதிமூன்றரை அடி அழுகை

ஒட்டியது. படச்சுருளின் நுனியை ஈர உதடுகளுக்கு நடுவே வைத்து எடுத்தால் எந்தப் பக்கம் ஒட்டுகிறதோ அதுதான் மருந்து பூசிய பக்கம். கீழ் உதட்டில் ஒட்டியது, சுருள் சரியாகத்தான் இருக்கிறது, இனிச் சுற்றிப் பார்க்கலாம். வாயெல்லாம் காடிப் புளிப்பு. துப்ப வேண்டும், துப்புவதற்கு வாசலுக்குப் போக வேண்டும், வாசலில் அந்த அம்மாள் உட்கார்ந்திருக்கிறாள், அவள் எதிரில் துப்பினால் அவளைப் பார்த்துத் துப்பியதாக ஆகிவிடும், விழுங்கிவிட்டேன். பழைய படம் கெட்டால் அழுகாது, புளிக்கும். சாலிகிராமத்தில் இந்தக் கட்டடத்தின் மூன்று அறைகளிலும் தகர டப்பாக்கள், டப்பாவுக்குள் ஏதோ ஒரு காலத்துச் செய்திப் படம், எல்லாம் சேர்ந்து புளித்துக்கொண்டிருக்கின்றன. டிவிக்காரர்களும் விளம்பரக்காரர்களும் வருவார்கள். பழைய வெள்ளம் இருக்கா, பழைய கூட்டம் இருக்கா, பழைய பஸ் ஸ்டாண்டு இருக்கா என்று காய்கறிக் கடையில் கேட்கிற மாதிரி கேட்பார்கள். நான் டப்பாவைத் தேடி எடுத்து, சுற்றிப் பார்த்து, அடி அளந்து கொடுப்பேன். அடி தவறியதில்லை. ஆனால் எத்தனை பேர் இந்த உதட்டில் ஒட்டி எடுக்கப்பட்டிருக்கிறார்கள் என்பதை மட்டும் நான் எண்ணுவதில்லை. பஞ்சத்தில் விலா தெரியச் செத்த மாடு, அணை திறக்க வந்த மந்திரி, ரயில் கவிழ்ந்த இடத்தில் வரிசையாகப் படுக்கவைத்த உடம்புகள், அவர்கள் மேல் மொய்த்த ஈ, எல்லாம் என் உதட்டைத் தொட்டவைதான். என் வீட்டுக்காரி கனகவல்லி இருந்தவரை நான் வீட்டுக்குள் நுழைந்ததும் சொம்பை நீட்டி, "மொதல்ல வாயக் கழுவுங்க, இன்னைக்கு யாரு?" என்பாள். மந்திரி என்று சொன்னால், "அப்ப ரெண்டு வாட்டி கொப்புளிங்க" என்பாள். அவளுக்குச் சிரிப்பு. எனக்கும் அப்போது சிரிப்பாகத்தான் இருந்தது. இப்போது சொம்பு நீட்ட ஆள் இல்லை, புளிப்பு தொண்டையோடு இறங்கி வயிற்றில் போய் உட்கார்ந்துகொள்கிறது.

கைப்பிடியை மெதுவாகச் சுற்ற வேண்டும். வேகமாகச் சுற்றினால் ஒட்டிக்கிடக்கும் இடத்தில் மருந்து உரிந்து வரும், காய்ச்சிய பாலில் ஆடை உரிகிற மாதிரி. இடது கை விரலில் வெள்ளைத் துணி, துணிக்கு நடுவே படம் ஓடுகிறது, ஓரத்துத் துளைகள் விரலில் நெருநெருவென்று தட்டுகின்றன. முன்னறையில் ஷெரின் என்கிற அந்தப் பெண் காத்திருக்கிறாள். விளம்பரக் கம்பெனிக்காரி, நல்ல பிள்ளை. வந்ததும் மூக்கைப் பொத்தவில்லை, அதற்கே அவளைப் பிடித்துப்போயிற்று. அப்புறம்தான் வாயைத் திறந்தாள். "சார், அந்தப் புயல் அம்மா ஷாட், ஒம்போது செகண்டு போதும் சார். பழைய டேப்புல கிளாரிட்டி இல்ல, அதான் ஃபிலிம்லயே வேணும்." ஒன்பது செகண்டு என்றால் பதிமூன்றரை அடி. எதுக்கும்மா என்றேன். கேட்டிருக்கக் கூடாது, நான் யாரையும் கேட்பதில்லை, வாய் தவறிக் கேட்டுவிட்டேன். "இன்ஷூரன்ஸ் ஆட் சார். அந்த அம்மா அழுதுட்டே இருக்கும்போது அப்படியே கலராகும். அப்புறம் ஸ்லோவா சிரிப்பாங்க. கம்ப்யூட்டர்லயே பண்ணிடுவோம் சார், முகத்த மட்டும் குடுத்தா போதும், செம எமோஷனலா இருக்கும்." சிரிக்கவைப்பார்களாம். தலை நனைந்து, புடவை நனைந்து, வாய் கோணிக் கிடக்கிற ஒருத்தியைச் சிரிக்கவைப்பார்களாம். பல்லுக்கு எங்கே போவார்கள், அந்த முகத்தில் மேல் பல் தெரியாது, யாருடைய பல்லைப் பொருத்துவார்கள்? "சரிம்மா, உக்காருங்க" என்று சொன்னேன். நான் சொல்வது எப்போதும் அதுதான். அவள் உட்கார்ந்து செல்போனைத் தடவிக்கொண்டிருக்கிறாள். வாசல் பெஞ்சில் அந்த இன்னொரு அம்மாள் உட்கார்ந்திருக்கிறாள், அஞ்சலாட்சி. இரண்டு பேரும் ஒரே ஒருத்திக்காகத்தான் காத்திருக்கிறார்கள், அது இருவருக்கும் தெரியாது. எனக்கு மட்டும் தெரியும். தெரிந்துகொண்டு கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருக்கிறேன்.

அஞ்சலாட்சி நேற்றே வந்துவிட்டாள். நாகப்பட்டினத்துக்குத் தெற்கே முனைக்காடு என்கிற கடற்கரை ஊர், ஐம்பதைத் தாண்டிய வயது, கருவாடு வியாபாரம், இங்கே மகள் வீட்டுக்கு வந்தவள், டிவியில் படத்தின் மூலையில் தெரிகிற எங்கள் கம்பெனிப் பெயரைப் பேத்தியிடம் படிக்கச் சொல்லி, விலாசம் கேட்டுக் கேட்டு வந்து சேர்ந்திருக்கிறாள். உள்ளே வாங்கம்மா என்றதற்கு வாசற்படியில் ஒரு கால் வைத்து முகர்ந்து பார்த்தாள். "என்னங்கய்யா இது, ஊறுகா சாடி ஒடஞ்சாப்ல. எங்க கருவாட்டுக் கொட்டாயே தேவல. நான் வெளியிலயே குந்திக்கிறேன்." பிறகு சொன்னாள். அந்தப் புயலில் அவளுடைய அப்பா கடலோடு போனார். மூன்றாம் மாதம் வாந்தி பேதியில் அம்மா போனாள். இவள் அப்போது கைக்குழந்தை, சித்தி வளர்த்தாள். அம்மாவுக்குப் போட்டோ கிடையாது, எந்தக் காலத்திலும் எடுத்ததில்லை. ஆனால் வருஷா வருஷம் கார்த்திகை மழைக்கு ஏதாவது ஒரு டிவியில் அந்தப் பொம்பளை அழுவாள். ஊரே, "ஏ அஞ்சல, ஒங்க ஆயா வந்துட்டா பாரு" என்று கூப்பிடும். சித்தி மட்டும் கிடையவே கிடையாது என்பாள். "எங்கக்காவுக்கு எடப்பக்கத்துப் புருவத்துல துடுப்பு அடிச்ச தழும்பு. இவளுக்கு வலப்பக்கம் இருக்கு. இது எவளோ. எங்கக்கா இப்புடி ஊரு பாக்க ஒப்பாரி வைக்கிறவ இல்ல." சித்தி போன மாசி மாதம் இறந்துவிட்டாள். இனிக் கேட்பதற்கு ஆள் இல்லை என்று இங்கே வந்திருக்கிறாள். "காசு பணம் ஒண்ணும் வேணாங்கய்யா. அவளா, அவ இல்லியா, அது ஒண்ணுதான். நீங்க பெருசாப் போட்டுக் காட்டுவீங்களாம்ல." நாளைக்கு வாங்க, டப்பாவை எடுத்து வைக்கிறேன் என்றேன். அப்போதே எனக்குத் தெரியும். தழும்பு இடதுபக்கம்தான். டிவியில் வருவது தலைகீழ். தலைகீழ் என்றால் கால் மேலே தலை கீழே இல்லை, கண்ணாடியில் பார்க்கிற மாதிரி இடம் வலமாக, வலம் இடமாக. முதல்முதலாக அதைப் படத்திலிருந்து டேப்புக்கு மாற்றிய இடத்தில், எவனோ மருந்துப் பக்கம் பார்க்காமல் மாட்டிவிட்டான், உதட்டில் வைத்துப் பார்க்க அருவருப்புப் பட்டிருப்பான். எழுத்து ஏதாவது படத்தில் இருந்திருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும். கடலும் மணலும் ஒரு முகமும், இதில் இடம் ஏது வலம் ஏது. அந்த டேப்பிலிருந்து அடுத்த டேப், அதிலிருந்து குறுந்தகடு, அதிலிருந்து எல்லா டிவியும். முந்தானை வலது தோளில் கிடக்கிறது, நம் கடற்கரையில் எந்தப் பெண் வலது தோளில் முந்தானை போடுகிறாள்? நனைந்து சுருண்டு கிடந்ததால் யாரும் கவனிக்கவில்லை. நான் பார்த்த அன்றே முதலாளியிடம் போய்ச் சொன்னேன். பெரிய முதலாளி இறந்து மகன் கிருபாகரன் வந்திருந்த புதிது. அவர் சிரித்தார். "அழுகைக்கு இடது வலது ஏதுண்ணே?"

அழுகைக்கு இடது வலது ஏது. அதைச் சொன்ன வாயில் வெற்றிலைச் சாறு ஓரமாக வழிந்துகொண்டிருந்தது. எனக்கு அந்தச் சாறுதான் ஞாபகம் இருக்கிறது, அதைக் கைக்குட்டையால் துடைத்து அதே கைக்குட்டையை மடித்து மேசைமேல் வைத்தார். அதன்பிறகு எத்தனை அழுகைக்கு அவளைக் கொடுத்திருக்கிறேன். கறுப்பு வெள்ளைக்கு ஒரு வசதி, எந்தக் காலம் என்று தெரியாது. ஆந்திராவில் ஆறு உடைந்ததற்கு அவள் அழுதாள். வறட்சி பற்றிய படத்தில் அழுதாள், வறட்சியில் தலை சொட்டச் சொட்ட நனைந்தவள் எப்படி வந்தாள் என்று ஒருவனும் கேட்கவில்லை. ஒரு கட்சித் தலைவர் இறந்த செய்தியில், தலைவருக்காக அழுதாள். ஒரு மெகா சீரியலில் பாட்டியின் இளமைக் காலமாக வந்து அழுதாள். அந்தக் குரலும் அவளுடையது இல்லை. இந்தச் சுருள் ஊமைப் படம், அந்தக் காலத்துச் செய்திப் படத்துக்கெல்லாம் குரல் பிறகுதான் சேர்ப்பார்கள். டிவியில் கேட்கிற அந்த "ஐயோ" ஒரு டப்பிங் ஆர்ட்டிஸ்ட் கொடுத்தது, கொடுத்துவிட்டு டீ கேட்டிருப்பாள், அவளைக் குறை சொல்லி என்ன. அழுகை ஒருத்தியிடம், குரல் ஒருத்தியிடம், இப்போது சிரிப்பு ஒரு கம்ப்யூட்டரிடமிருந்து. இத்தனையையும் அடி அளந்து கொடுத்தவன் நான். ஒரு முறைகூடக் குறைத்தோ கூட்டியோ கொடுத்ததில்லை என்று எனக்குள் ஒரு பெருமை வேறு. கைப்பிடி இறுகுகிறது, ஏதோ ஒட்டிக்கொண்டிருக்கிறது, நிறுத்தி நகத்தால் இல்லை, நகம் படவே கூடாது, துணி நுனியால் மெதுவாகப் பிரித்தேன். பிசின் மாதிரி ஒரு நூல் இழுபட்டு அறுந்தது. மூக்குச் சளி மாதிரி.

காலையில் முதலாளி போன் செய்தார். விளம்பரக்காரப் பெண் வந்திருக்கிறாள், மகளாக இருக்கலாம் என்று ஒரு அம்மாளும் வந்திருக்கிறாள் என்று இரண்டையும் சேர்த்துச் சொல்லிவிட்டேன், எனக்கு ஒன்றை மறைத்து ஒன்றைச் சொல்லத் தெரியாது. அப்புறம், "அண்ணே, டப்பா மேல என்ன எழுதியிருக்கு?" என்றார். அடையாளம் தெரியாத பெண் என்று எழுதியிருக்குங்க என்றேன். "அப்படியே இருக்கட்டும். யாரோன்னு இருக்கற வரைக்கும்தான் அது நம்ம சரக்கு. மகள்னு ஒருத்தி வந்துட்டா அவ கையெழுத்துப் போடணும், வக்கீல் வருவான், விளம்பரம் கைய விட்டுப் போயிடும்." அப்போது நான் பேசாமல் இருந்தேன். நான் பேசாமல் இருந்தால் சரி என்று அர்த்தம் செய்துகொள்வார்கள். "அண்ணே, நீங்க பொய் சொல்ல வேணாம், ஒங்களுக்கு அது வராதுன்னு தெரியும். சுருளத் திருப்பிப் போட்டுக் காட்டுங்க. டிவில வர்ற மாதிரியே தெரியும். தழும்பு வலப்பக்கம்னு அவளே பாத்துட்டு அவளே போயிடுவா." அவ்வளவு எளிது. இந்தப் பக்கத்துத் தட்டிலிருந்து அந்தப் பக்கத்துத் தட்டுக்குச் சுற்றும்போது நடுவே படத்தை ஒரே ஒரு முறுக்கு முறுக்கிவிட்டால் போதும், மருந்து மேலே வந்துவிடும். ஒரு வார்த்தை பேச வேண்டியதில்லை. பேசக் கூச்சப்படுகிறவனுக்கென்றே செய்த பொய். இத்தனை வருஷம் எனக்குச் சம்பளம் கொடுத்தவருக்கு என்னை எவ்வளவு நன்றாகத் தெரிந்திருக்கிறது என்று நினைத்தபோதுதான் முதல் குமட்டல் வந்தது.

இரண்டாவது குமட்டல் என்னைப் பற்றியது. ஏனென்றால் முதலாளி சொல்வதற்கு முன்பே, நேற்று ராத்திரியே, நானும் அதே முறுக்கைத்தான் நினைத்திருந்தேன். அவருடைய காரணம் வேறு, என்னுடையது வேறு, ஆனால் முறுக்கு ஒன்றுதானே. இந்தச் சுருளை முழுதாகப் பார்த்தவன் நான் ஒருவன்தான். டிவியில் வருவது அதில் ஒரு துண்டு. மற்றதில் என்ன இருக்கிறது என்றால், முதலில் அவள் ஒரு கவிழ்ந்த படகின்மேல் சும்மா உட்கார்ந்திருக்கிறாள். அழவில்லை. கேமராவைப் பார்த்துவிட்டுப் புடவையை இழுத்து மூடுகிறாள், அவ்வளவுதான். பிறகு ஒரு கை ஓரத்திலிருந்து வந்து ஆடுகிறது, இப்படி இப்படி என்று, வெள்ளைச் சட்டைக் கை, கடிகாரம் கட்டிய கை. அவள் புரியாமல் பார்க்கிறாள். பட ஓட்டம் நிற்கிறது. மறுபடி ஓடும்போது கேமரா கிட்டே வந்திருக்கிறது, அவள் முகம் கொஞ்சம் கோணுகிறது, போதவில்லை போலிருக்கிறது, மறுபடி நிற்கிறது. மூன்றாவது முறை அந்தக் கையில் ஒரு சேலை இருக்கிறது. மடிப்புக் கலையாத நிவாரணச் சேலை, கரையில் கோடு போட்டது. கை அதை நீட்டுகிறது, அவள் வாங்கக் கையெடுக்கிறாள், கை அதைப் பின்னால் இழுத்துக்கொள்கிறது, இன்னொரு தரம் ஆட்டுகிறது, அழு என்று. அப்புறம்தான் அந்த ஒன்பது செகண்டு. இதை அந்த மகளிடம் எப்படிக் காட்டுவது? ஆமாம்மா, இது ஒங்க அம்மாதான், ஒரு சேலைக்காக அழுதாங்க, நல்லா அழுதாங்க, அப்படியா? அம்மா முகமே பார்த்திராதவளுக்கு முதல்முதலாகக் காட்டும் முகம் இதுவா? ஊர் பார்க்க ஒப்பாரி வைக்கிறவள் இல்லை என்று சித்தி ஆயுசு முழுக்கச் சொல்லிக் காப்பாற்றியதை, நான் ஒரு சுற்றில் கெடுப்பதா? அதற்குப் பேசாமல் எவளோ ஒருத்தி என்று போய்விடட்டும், கருவாடு விற்கட்டும், நிம்மதியாக இருக்கட்டும். இப்படியெல்லாம் நினைக்கும்போது நல்லவனாகத்தான் தெரிகிறேன். ஆனால் அந்த நல்லதின் மறுபக்கம் கைக்குட்டையில் துடைத்த வெற்றிலைச் சாறு. மருந்துப் பக்கம் எது, வெறும் பக்கம் எது, உதட்டில் வைத்துப் பார்த்தால் இதற்குத் தெரியுமா.

சுருள் முடிந்துவிட்டது. நுனி தட்டில் சப்சப்பென்று அடிக்கிறது. இனி இதைப் படம் ஓட்டிப் பார்க்கும் மூவியோலா மெஷினில் மாட்ட மறுபடி ஒருமுறை சுற்ற வேண்டும், முறுக்குவதானால் இப்போதுதான். "ஐயா, ஆயிருச்சுங்களா?" அஞ்சலாட்சி உள்ளேயே வந்துவிட்டாள், முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு, பின்னால் ஷெரினும், "சார், நானும் ஒரு தடவ பாத்துக்கறேன் சார், எங்கருந்து எங்க வேணும்னு மார்க் பண்ணிடலாம்" என்றபடி. இருவரும் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டார்கள். "நீ என்னம்மா, படத்துல நடிக்கிற புள்ளயா?" "இல்ல ஆன்ட்டி, நான் ஆட் எடுக்கறவங்க கிட்ட வேல பாக்கறேன்." "பாத்தா நடிக்கிற புள்ள மாதிரிதான் இருக்க. சாப்பிடத்தான் மாட்டேங்குற போலருக்கு." ஷெரின் நிஜமாகவே சிரித்தாள். நான் நுனியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றேன். முறுக்கினேன். முறுக்கிய இடம் விரலுக்கு நடுவே ஒரு சின்ன மடிப்பாக, கழுத்தைத் திருகிய கோழி மாதிரி நின்றது. வலது காலில் இடது செருப்பைப் போட்டுக்கொண்டால் உடம்பு முழுதும் ஒரு கூச்சம் ஓடுமே, அது. அடிவயிற்றிலிருந்து கிளம்பி வாய் வரைக்கும் வந்தது, இந்த முறை காடிப் புளிப்பு இல்லை, வேறு ஏதோ. அவிழ்த்துவிட்டேன். யோசித்து அவிழ்க்கவில்லை, நல்ல மனசால் அவிழ்த்தேன் என்று யாரும் சொல்ல வேண்டாம், நானும் சொல்ல மாட்டேன். தவறாக மாட்டிய படத்தை என் கை தாங்கவில்லை, அவ்வளவுதான். சரியாகச் சுற்றி, சரியாக மாட்டி, மூவியோலாவின் சின்னத் திரைக்கு முன்னால் ஸ்டூலை இழுத்துப் போட்டேன். "உக்காருங்கம்மா." அவள் உட்கார்ந்தாள். முந்தானை மூக்கிலிருந்து தானாக இறங்கிவிட்டது.

மோட்டார் தையல் மெஷின் மாதிரி ஓடுகிறது. கடல், சாய்ந்த தென்னை, கவிழ்ந்த படகு, அதன்மேல் அவள். அஞ்சலாட்சி திரைக்கு மிகக் கிட்டே குனிந்தாள், அவள் மூச்சு கண்ணாடியில் பட்டு மங்கியது, முந்தானையால் துடைத்தாள். இடது புருவம். அவள் தன் இடது புருவத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள், பிறகு வலது புருவத்தை, பிறகு மறுபடி இடதை. "எடப்பக்கமுல்ல இருக்கு." ஆமாம்மா, டிவியில வர்றது திருப்பி மாட்டினது, இதுதான் சரி என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. "அப்ப இவதான்" என்றாள். அழுவாள் என்று எதிர்பார்த்தேன், அழவில்லை. "இவதான் தையநாயகி." பெயரை நான் இப்போதுதான் கேட்கிறேன். பின்னால் ஷெரின், "ஆன்ட்டி, இவங்க உங்க..." என்று தொடங்கி நிறுத்திக்கொண்டாள். கை வந்து ஆடியது. ஓட்டம் நின்று, மறுபடி ஓடி, மறுபடி நின்றது. நான் திரையைப் பார்க்காமல் என் விரல் துணியைப் பார்த்துக்கொண்டிருந்தேன், பழுப்பேறிய துணி. சேலை வந்துவிட்டது. நீட்டிய சேலை, எடுக்கப்போன கை, பின்னால் போன சேலை. அஞ்சலாட்சியின் தொண்டையிலிருந்து ஒரு சத்தம், இருமல் மாதிரி. "எவன் கைய்யா அது?" தெரியாதும்மா, படம் எடுக்க வந்தவங்க. "கடியாரம் கட்டிருக்கான் பாரு." பிறகு அந்த முகம் திரை முழுக்க வந்தது, உலகமே பார்த்த ஒன்பது செகண்டு, வாய் கோணி, உதடு மடிந்து, கண் இடுங்கி. ஷெரின் மெதுவாக, "இங்கருந்து சார்" என்றாள், வேலைப் பழக்கத்தில். அந்த இடம் முடிகிறது, அதற்கப்புறம் படம் கெட்டுவிட்டது, புள்ளி புள்ளியாகப் பூஞ்சை, நெகட்டிவிலேயே பிடித்துப் பிரிண்டுக்கும் வந்த பூஞ்சை, எந்த மருந்து போட்டுத் துடைத்தும் போகாதது, அங்கே நான் எப்போதும் நிறுத்திவிடுவேன். நிறுத்தக் கை வைத்தேன். அவள் என் மணிக்கட்டைப் பிடித்தாள். கருவாட்டுக் கை, உப்பு பாளம் பாளமாக வெடித்த கை. "நிறுத்தாதீங்க. பேசிக்கிட்டிருக்காள்ல."

பேசுகிறாளா. ஊமைப் படம்மா இது என்றேன். "ஒங்களுக்குத்தான் ஊம. எங்க சித்தி ஏசுறப்ப இப்படித்தான் கீழ் ஒதட்ட மடிச்சுக்கிட்டு ஏசும். அழுவலய்யா இவ. கடியாரக்காரன ஏசுறா." அவள் திரையில் விரல் வைத்து, அந்த வாயோடு தன் வாயையும் அசைத்தாள், ஒரு நொடி பின்னால், பாட்டுப் படிக்கிறவர்கள் மாதிரி. "ஒன்... குடி... வெளங்குமா... பாருங்க, வெளங்குமா... எழவு விழ... ஒன் ஊட்டுல எழவு விழ." ஷெரின் வாயில் கை வைத்துக்கொண்டாள். மோட்டார் ஓடியது. தோள் கீழே சரிந்து மேலே எழும்பியது, பூஞ்சைப் புள்ளிகள் வந்தன, கீழேயிருந்து மேலே, ஒரு கொத்தாக, கிட்டே வர வரப் பெரிதாகி மங்கி, திரையெல்லாம் அடித்துவிட்டு, அதற்குப் பிறகு வெள்ளை. பூஞ்சை ஒரு இடத்தில் இருக்கும், பறந்து வராது. பறந்து வராது என்பது எனக்குத் தெரியாதா? ஒவ்வொரு தடவையும் முதல் புள்ளி தெரிந்ததுமே கையை வைத்து நிறுத்தியிருக்கிறேன், முழுதாகப் பார்த்தவன் என்றேனே, வெள்ளை வரைக்கும் ஓடவிட்டதே இல்லை. ஏன் ஓடவிடவில்லை? கெட்ட இடம் என்று நானே பெயர் வைத்துவிட்டேன், பெயர் வைத்த பிறகு பார்க்கிறதில்லை. "மண்ணு" என்றாள் அஞ்சலாட்சி. "மண்ண வாரித் தூத்திட்டா, அவன் மூஞ்சியில." ஸ்டூலில் நிமிர்ந்து உட்கார்ந்து, என்னையும் ஷெரினையும் மாறி மாறிப் பார்த்தாள். சந்தோஷம் என்று அதைச் சொல்ல முடியாது, சண்டையில் ஜெயித்தவர்கள் பக்கத்து வீட்டைப் பார்ப்பார்களே, அப்படி. "சித்தி சரியாத்தான் சொல்லிச்சு. ஒப்பாரி வைக்கிறவ இல்லதான்."

முன்னறையில் போன் அடித்தது. முதலாளிதான், இந்த நேரத்துக்கு வேறு யார். எடுத்தேன். "என்னண்ணே, போயிட்டாளா?" இல்லீங்க. "தழும்பப் பாத்தாளா? யாரோ தானே?" எப்போதும்போலப் பேசாமல் இருந்தேன், பேசாமல் இருந்தால் சரி என்று அர்த்தம் ஆகிவிடுமே என்பது அப்போது உறைத்தது. "பேரு தையநாயகிங்க" என்றேன். "ஊரு முனைக்காடு. மகள் இங்கதான் இருக்காங்க. டப்பா மேல எழுதிடறேன்." அந்தப் பக்கம் என்னவெல்லாமோ வந்தது, அண்ணே என்று தொடங்கி யோவ் என்று முடிந்தது. ரிசீவரைக் கீழே வைத்தேன். உள்ளே ஷெரின் சொல்லிக்கொண்டிருந்தாள், "ஆன்ட்டி, ஸாரி ஆன்ட்டி, எங்களுக்குத் தெரியாது... நீங்க சரின்னு சொன்னா மட்டும்தான்... கம்பெனில கேட்டு..." அஞ்சலாட்சி, "என்ன கேக்குற, அவளச் சிரிக்கவெக்கப் போறியா? வெச்சுக்க. ஆனா பாதியில வெட்டக் கூடாது, மண்ணோட போடு. போடுவியா?" என்றாள். "அது... அது போட மாட்டாங்க ஆன்ட்டி." "அப்ப விட்டுரு." ஷெரின் பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டாள், ஆனால் போகவில்லை, கதவருகிலேயே நின்றாள். அஞ்சலாட்சி என்னிடம் திரும்பி, "இன்னொரு வாட்டி ஓட்டுங்கய்யா" என்றாள். பின்னோக்கிச் சுற்றி, முதலிலிருந்து ஓட்டினேன். கடல் வந்தது, தென்னை வந்தது, கை வந்தது, சேலை வந்தது. அவள் ஏசினாள். இம்முறை நான் நிறுத்தும் இடத்தில் கை வைக்கவில்லை. மண் கிளம்பி நேராக வந்தது. நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன், கதவருகில் நின்ற பெண்ணும் திருப்பிக்கொண்டாள். அஞ்சலாட்சி மட்டும் கண் சிமிட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தாள்.